ஒன்னு குறையுது

எங்கள் ஆயாவுக்கு நன்றாக எண்ணத் தெரியும். பால்காரன் கணக்கு, சீட்டுக் கணக்கு, களத்துமேட்டில் எத்தனை மூட்டை தேறும் என்ற கணக்கு எல்லாவற்றையும் விரலை மடக்கியே போட்டுவிடுவாள். பள்ளிக்கூடம் போனதில்லை. ஆனாலும் அவளை யாரும் ஒரு ரூபாய் ஏமாற்றியதில்லை. அப்படிப்பட்ட ஆயா எங்களை மட்டும் ஒருநாளும் சரியாக எண்ணியதில்லை.

வருஷத்துக்கு ஒருமுறை, சித்ரா பௌர்ணமிக்கு, போளூர்ப் பக்கத்தில் இருக்கும் எங்கள் ஊரிலிருந்து குடும்பத்தோடு திருவண்ணாமலைக்குக் கிரிவலம் போவோம். ஆயா, தாத்தா, நைனா, அம்மா, நான், தங்கச்சி, சித்தப்பா, சித்தி, அவர்கள் பையன். ஒன்பது பேர். பதினான்கு கிலோமீட்டர் நடந்து முடித்து, பஸ் ஸ்டாண்டு நெரிசலில் ஓர் ஓரமாக எங்களை உட்காரவைத்து ஆயா எண்ண ஆரம்பிப்பாள். எட்டுதான் வரும். முகம் வெளிறிப்போகும். "ஒன்னு குறையுதே, எங்கடா போச்சு?" என்று மறுபடி எண்ணுவாள். மறுபடியும் எட்டு. தாத்தா வெற்றிலையை மென்றுகொண்டே, "உன்ன எண்ணினியாடீ?" என்று கேட்பார். நாங்கள் எல்லோரும் கொல்லென்று சிரிப்போம். ஆயாவும் முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு சிரிப்பாள். அடுத்த வருஷமும் இதேதான் நடக்கும்.

நான் அப்போது சிரித்த சிரிப்புக்கு என்ன பெயர்? கேலியா, பிரியமா, பெரியவர்கள் தப்புப் பண்ணும்போது சின்னப் பசங்களுக்கு வரும் குஷியா? ரொம்ப நாள் கழித்துத்தான் இந்தக் கேள்வி எனக்கு வந்தது. அது வந்ததற்குக் காரணம், சிரிப்பின் மறுமுனையில் நான் நிற்க நேர்ந்த ஒரு நாள்.

*

பொறியியல் கல்லூரி, முதல் வருடம். பன்னிரண்டாம் வகுப்பு வரை தமிழ் மீடியம். செமினார் எடுக்கச் சொன்னார்கள். 'டிட்டர்மின்' என்று சொல்லவேண்டிய சொல்லை 'டிடர்மைன்' என்று சொன்னேன். எழுத்தைப் பார்த்தால் அப்படித்தானே வருகிறது. அறுபது பேர் வகுப்பில் யாரும் சத்தமாகச் சிரிக்கவில்லை. சிரித்திருந்தால்கூடப் பரவாயில்லை. மூக்கு வழியாக ஒரு காற்று வந்தது, அவ்வளவுதான். வரிசை வரிசையாக அது பின்னால் போனது.

அன்று சாயங்காலம் நூலகத்தில் ஆங்கில அகராதியை எடுத்து அந்தக் காற்றுக்கு ஒரு பெயர் தேடினேன். இருந்தது: 'ஸ்னிக்கர்'. அடக்கிக்கொண்டு, மரியாதையில்லாமல், அடுத்தவருக்குக் கேட்டும் கேட்காமலும் சிரிப்பது. வலித்த இடத்தை டாக்டர் சரியாகத் தொட்டுக் காட்டினால் ஒரு நிம்மதி வருமே, அந்த மாதிரி இருந்தது. அன்றிலிருந்து எனக்கு இந்தச் சொற்கள்மேல் ஒரு கிறுக்கு.

ஆங்கிலம் சிரிப்பைப் பெரும்பாலும் சத்தத்தை வைத்துப் பிரிக்கிறது. சின்னப் பெண்கள் அடக்கமாட்டாமல் கிளுகிளுப்பது 'கிகில்'. தனக்குள்ளேயே ரசித்துச் சிரிப்பது 'சக்கிள்'. பதற்றத்தில் மெல்லியதாகக் கசிவது 'டிட்டர்'. வயிறு குலுங்க வெடிப்பது 'கஃபா'. இதில் பல சொற்கள் ஒலியைப் போலச்செய்து பிறந்தவை. நாம் இதையே வினைச்சொல்லில் வைக்காமல் அதன் முன்னால் ஒரு ஒலிக்குறிப்பை மாட்டிச் செய்கிறோம்: களுக்கென்று, குபீரென்று, கொல்லென்று, கெக்கெக்கே என்று. பிறகு பெயருக்கு முன்னால் அடைமொழி: நமுட்டுச் சிரிப்பு, அசட்டுச் சிரிப்பு, எக்காளச் சிரிப்பு. நமுட்டுச் சிரிப்புதான் ஸ்னிக்கருக்குக் கொஞ்சம் கிட்டே வருகிறது. ஆனால் நமுட்டில் ஒரு செல்லம்கூட இருக்கலாம். ஸ்னிக்கரில் அது கிடையாது.

சத்தத்திலிருந்து நோக்கத்துக்கு வரும்போது ஆங்கிலம் கொஞ்சம் பயமுறுத்துகிறது. 'ரிடிக்யூல்', 'டிரைட்' இரண்டும் சிரிப்பதைக் குறிக்கும் ஒரே லத்தீன் வேரிலிருந்து வந்தவை. இரண்டாவதில் 'கீழே' என்ற பொருளுள்ள முன்னொட்டு சேர்ந்திருக்கிறது. மேலே நின்று கீழே பார்த்துச் சிரிப்பது. 'சார்காஸம்' கிரேக்கத்திலிருந்து வந்தது. அதன் வேருக்குச் சதையைக் கிழிப்பது என்று பொருள். நண்பர்கள் வாட்ஸப்பில் தினமும் செய்வது அதைத்தான். யாருக்கும் ரத்தம் வருவதில்லை என்று நினைத்துக்கொள்கிறோம்.

தமிழ்ச் சொற்களும் உடம்பை விட்டு விலகவில்லை. கிண்டல் என்பதில் கிண்டுதல் இருக்கிறது, அடுப்பில் களி கிண்டுவது போல. நக்கல் என்பதில் நாக்கு. இப்போது நாம் சொல்லும் 'கலாய்' பழைய தமிழிலும் உண்டு. அங்கே அதற்குச் சண்டையிடுதல் என்று பொருள். புதுச் சொல் என்று நினைத்து உபயோகிக்கும்போது பழைய சண்டையும் கூடவே வந்துவிடுகிறது. பரிகாசம் வடமொழி வழி வந்தது. கொஞ்சம் சட்டை போட்டுக்கொண்ட சொல், அத்தை மகன், மாமன் மகள் நடுவே புழங்கத் தோதானது. ஏளனத்தில் அந்த உறவு அறுந்துவிடுகிறது. எகத்தாளத்தில் சிரிப்பைவிடத் திமிர் அதிகம். ஒரே ஆளை ஒரே வாரத்தில் இவை அத்தனையாலும் அடிக்கலாம். அடிபட்டவருக்கு எது எது என்று துல்லியமாகத் தெரியும்.

*

சிரிப்பை வகைபிரிக்கும் வேலை இங்கே மிகப் பழையது. பரதரின் நாட்டிய சாஸ்திரம் சிரிப்பை ஆறாகப் பிரிக்கிறது. மெல்லிய புன்முறுவலில் தொடங்கி உடம்பே ஆடும் பெருஞ்சிரிப்பு வரை. இதில் ஒரு சிக்கல். முதல் இரண்டும் உயர்ந்த பாத்திரங்களுக்கு, நடு இரண்டும் இடைப்பட்டவர்களுக்கு, கடைசி இரண்டும் தாழ்ந்தவர்களுக்கு என்று பங்கிட்டும் வைத்திருக்கிறது. பல் தெரிய வயிறு குலுங்கச் சிரித்தால் அதுவே உன் தரத்தைக் காட்டிவிடும். அதாவது, யார் சிரிக்கிறார்கள் என்பதுதான் அங்கே அளவுகோல்.

தொல்காப்பியத்தின் மெய்ப்பாட்டியல் வேறு கேள்வி கேட்கிறது. எட்டு மெய்ப்பாடுகளில் முதலாவதாக நகையை வைத்து, அது எதனால் பிறக்கிறது என்று பார்க்கிறது. நான்கு காரணங்கள்: எள்ளல், இளமை, பேதைமை, மடன். எள்ளல் என்றால் இகழ்தல். இளமை, குழந்தைத்தனம். பேதைமை, அறியாமை. மடன் இதில் நுட்பமானது. ஒருவர் சொல்லிக்கொடுத்ததை அப்படியே பிடித்துக்கொண்டு விடாமலிருப்பது என்று அதை விளக்குகிறார்கள். பேதைக்கு ஒன்றும் தெரியாது. மடன் உள்ளவருக்கு ஒன்றே ஒன்று தெரியும், அதை விடமாட்டார். இந்த இரண்டாவது ரகத்தை ஐடி அலுவலகத்தில் தேடி அலையவேண்டியதில்லை.

உரையாசிரியர் பேராசிரியர் இதில் இன்னொரு பிளவு காட்டுகிறார். எள்ளல் இரண்டு வகை. தான் பிறரை எள்ளிச் சிரிப்பது ஒன்று. பிறர் தன்னை எள்ளும்போது தானும் சிரிப்பது இன்னொன்று. முதல் தடவை இதைப் படித்தபோது எனக்கு ஆயாவின் முந்தானைதான் ஞாபகம் வந்தது. வாயைப் பொத்திக்கொண்டு அவள் சிரித்ததுக்கு இலக்கணத்தில் ஓர் இடம் இருக்கிறது.

*

ஆயா செய்த தப்பு அவளுடைய தனிச் சொத்து இல்லை. உலகத்துக்கே பொதுவான தப்பு. நாட்டார் கதைகளை வகைப்படுத்தும் சர்வதேச அட்டவணையில் அதற்கு 1287 என்று எண்ணே கொடுத்திருக்கிறார்கள்: தங்களைத் தாங்களே எண்ணத் தெரியாத முட்டாள்கள்.

இங்கிலாந்தில் இந்தக் கதை நாட்டிங்ஹாம்ஷயரில் உள்ள கோத்தம் என்ற ஊர்க்காரர்கள்மேல் ஏற்றிச் சொல்லப்பட்டது. பன்னிரண்டு பேர் மீன்பிடிக்கப் போனார்கள். திரும்பும்போது எண்ணினால் பதினொன்று. ஒருவன் மூழ்கிவிட்டான் என்று அழுதார்கள். வழிப்போக்கன் ஒருவன் காசு வாங்கிக்கொண்டு ஒவ்வொருவர் முதுகிலும் சாட்டையால் அடித்து எண்ணிக் காட்டினான். 16ஆம் நூற்றாண்டுச் சிரிப்புக் கதைப் புத்தகத்தில் இது இடம்பெற்றது. 1807இல் வாஷிங்டன் இர்விங் நியூயார்க்வாசிகளை நக்கல் அடிப்பதற்காக அந்த நகரத்துக்குக் கோத்தம் என்று பெயர் வைத்தார். பேட்மேன் காவல் காக்கும் கோத்தம் அந்த வழியில் வந்ததுதான். இருண்ட கட்டடங்கள், மழை, கறுப்பு அங்கி எல்லாவற்றுக்கும் அடியில் எண்ணத் தெரியாத பன்னிரண்டு மீன்பிடிகாரர்கள் உட்கார்ந்திருக்கிறார்கள்.

தமிழில் இந்தக் கதையை எழுதியவர் இத்தாலிக்காரர். 1680இல் பிறந்த கான்ஸ்டன்டைன் ஜோசப் பெஸ்கி, நமக்கு வீரமாமுனிவர். 'பரமார்த்த குரு கதை'யில் குருவும் ஐந்து சீடர்களும் ஓர் ஆற்றைக் கடக்கவேண்டும். ஆறு தூங்குகிறதா விழித்திருக்கிறதா என்று பார்க்கக் கொள்ளிக்கட்டையை நீரில் வைக்கிறார்கள். சுர்ரென்கிறது, ஆகவே விழித்திருக்கிறது. அப்புறம் அணைந்த அதே கட்டையை வைத்துப் பார்க்கிறார்கள். சத்தமில்லை, தூங்குகிறது. பதுங்கிப் பதுங்கிக் கடந்து கரையேறி எண்ணினால் ஆறுக்கு ஐந்துதான் வருகிறது. எண்ணுகிறவன் தன்னை விட்டுவிடுகிறான். ஆற்றைத் திட்டி அழுகிறார்கள். இங்கேயும் ஒரு வழிப்போக்கன் காசு வாங்கிக்கொண்டு அடித்து எண்ணித் தருகிறான்.

சீடர்களின் பெயர்களைப் பாருங்கள்: மட்டி, மடையன், பேதை, மிலேச்சன், மூடன். 1732இல் சதுரகராதி தொகுத்த மனிதரின் கைவேலை இது. ஐந்தும் சேர்த்துப் பார்த்தால் ஒரு குட்டி அகராதி. மடன், பேதைமை என்று நகைக்குத் தொல்காப்பியம் சொன்ன காரணங்களுக்குப் பக்கத்திலேயே இரண்டு சீடர்கள் நிற்கிறார்கள். என்னை நிறுத்திய பெயர் மிலேச்சன். முட்டாள் என்பதைவிட அந்நியன், நம் ஆசாரம் தெரியாதவன் என்பதுதான் அதன் பொருள். கடல் கடந்து வந்த வெள்ளைக்காரரைக் குறிக்க அதைவிடப் பொருத்தமான வசை அன்றைய ஆசாரவாதிகளிடம் இருந்திருக்காது. பெஸ்கி தன்மேல் விழக்கூடிய சொல்லை எடுத்து முட்டாள்கள் வரிசையில் உட்காரவைத்திருக்கிறார். தெரிந்தேதான் செய்தாரா? சதுரகராதிக்காரருக்கு ஒரு சொல்லின் எடை தெரியாமல் இருக்குமா?

இந்தக் கதை நம் ஊர்க் குருக்களையும் மடங்களையும் நையாண்டி செய்யத்தான் எழுதப்பட்டது என்று வாசிப்பவர்கள் உண்டு. தமிழ் கற்கவந்த பாதிரிமார்களுக்குப் பேச்சுவழக்கோடு ஒட்டிய உரைநடைப் பயிற்சி என்பது இன்னொரு வாசிப்பு. இரண்டும் ஒன்றையொன்று வெட்டவில்லை. சிரிக்க வைத்தால் மொழி சீக்கிரம் ஏறும்.

1822இல் இது லண்டனில் தமிழ் மூலமும் ஆங்கில மொழிபெயர்ப்பும் சொற்பட்டியலுமாக அச்சானது. கொண்டுவந்தவர் சென்னையில் கம்பெனி உத்தியோகத்தில் இருந்த பெஞ்சமின் பாபிங்டன். பின்னாளில் மருத்துவரானார். 1829இல் தொண்டைக்குள் குரல்வளையைப் பார்க்க ஒரு கண்ணாடிக் கருவி செய்து காட்டியவரும் அவரேதான். சிரிப்பு புறப்படும் இடத்தைப் பார்க்க ஆசைப்பட்டவர் தமிழின் இந்தச் சிரிப்புக் கதையையும் மொழிபெயர்த்தார் என்பது எனக்குப் பிடித்த தற்செயல். ஆனால் இதே கதை இடம் மாறியதும் சிரிப்பும் மாறுகிறது. வீட்டுத் திண்ணையில் சொன்னால் நம்மை நாமே சிரித்துக்கொள்வது. நம்மை ஆளவந்தவர்கள் நம் மொழியைக் கற்கும் பாடப்புத்தகத்தில், முட்டாள்கள் எல்லோரும் நம் வேஷத்தில் இருந்தால் அது மேலிருந்து கீழே பார்க்கும் சிரிப்பு. ஒரு எழுத்துகூட மாறவில்லை. வாசிப்பவர் நிற்கும் இடம்தான் மாறியது.

*

எங்கள் மலையைச் சுற்றும் வழியில், செங்கம் சாலையில், ரமணாசிரமம் இருக்கிறது. பதினாறு வயதில், 1896 செப்டம்பர் 1 அன்று, திருவண்ணாமலைக்கு வந்து இறங்கிய வேங்கடராமன் 1950 ஏப்ரல் 14இல் மறையும் வரை இந்த ஊரைவிட்டு வெளியே போகவேயில்லை. அவர் 1928இல் எழுதிய 'உள்ளது நாற்பது' தத்துவ நூல். சிரிப்புக்கும் அதற்கும் என்ன சம்பந்தம் என்று தோன்றும். அதன் முப்பத்தேழாவது பாட்டில் பத்தாவது ஆள் வருகிறான்.

அதே கதைதான். பத்து பேர் ஆற்றைக் கடக்கிறார்கள். எண்ணினால் ஒன்பது. அழுகிறார்கள். வழிப்போக்கன் வருகிறான். அத்வைத மரபில் இது பெஸ்கிக்குப் பல நூற்றாண்டுகள் முந்தியது. சங்கரரின் உபதேச சாஹஸ்ரியில் உண்டு. பதினான்காம் நூற்றாண்டு வித்யாரண்யரின் பஞ்சதசியில் விரிவாகவே உண்டு. அங்கே வழிப்போக்கன் சாட்டை எடுப்பதில்லை, காசும் கேட்பதில்லை. அழுகிறவனைப் பார்த்து, நீதான் அந்தப் பத்தாவது ஆள் என்கிறான். அவ்வளவுதான் உபதேசம்.

ரமணர் இதை எடுக்கும் விதம் இன்னும் கூர்மையானது. தேடிக்கொண்டிருக்கும்போது ஆன்மா வேறு, கிடைத்த பிறகு ஒன்று என்று சொல்பவர்களுக்கு அவர் பதில் அது. தேடி அழுதபோதும் அவன் பத்தாவது ஆளாகத்தான் இருந்தான். கண்டுபிடித்தபோது புதிதாக யாரும் வந்து சேரவில்லை. தொலைந்ததே பொய், ஆகவே கிடைத்ததும் பொய். மிச்சம் இருப்பது அழுத கண்ணீர். அது மட்டும் நிஜமாகவே நனைத்தது.

கோடு எழுதுகிறவர்களுக்கு இது 'ஆஃப் பை ஒன்' பிழை. லூப் ஒரு அடி முன்னால் நின்றுவிடும், கடைசி ஆள் விடுபட்டுப்போவான். பிழையைக் கண்டுபிடித்ததும் வரும் சிரிப்பு ஒன்று இருக்கிறதே, இரவு இரண்டு மணிக்குத் தனியாக உட்கார்ந்து நெற்றியில் அடித்துக்கொண்டு சிரிப்பது. அந்தச் சிரிப்பில் எள்ளுகிறவனும் எள்ளப்படுகிறவனும் ஒரே ஆள். கோத்தம் கதையில் நாம் சிரிக்கிறோம், முட்டாள்கள் அடி வாங்குகிறார்கள். பஞ்சதசியில் முட்டாள்தான் சிரிக்கவேண்டியவன். நாம் வெளியே நின்று சிரித்தால் அது இன்னும் நமக்குப் புரியவில்லை என்று அர்த்தம்.

இதே ஊரில் இன்னொரு எண்ணிக்கையும் உண்டு. மாணிக்கவாசகர் திருவெம்பாவை பாடியது திருவண்ணாமலையில் என்பது மரபு. மார்கழி விடியலில் பெண்கள் வீடு வீடாகப் போய்த் தோழிகளை எழுப்புகிறார்கள். எழுப்பும் விதம் முழுக்கக் கிண்டல்: நேற்று என்ன பேச்சுப் பேசினாய், இன்று காது கேட்கவில்லையா என்கிற ரகம். நான்காவது பாட்டில், முத்துப்போன்ற நகை உடையவளே என்று கூப்பிடுகிறார்கள். பல்லுக்கும் சிரிப்புக்கும் அங்கே ஒரே சொல். உள்ளே படுத்திருப்பவள் எழுந்திருக்காமலேயே, எல்லோரும் வந்தாயிற்றா என்று கேட்கிறாள். வெளியே இருப்பவர்கள் விடுவார்களா? நாங்கள் எண்ணிச் சொல்லமாட்டோம், நீயே வந்து எண்ணிக்கொள், குறைந்தால் போய்த் தூங்கு என்கிறார்கள்.

அவர்களுக்குத் தெரியும், குறைகிற ஒருத்தி உள்ளே படுத்திருப்பவள்தான். அவள் எழுந்து எண்ண வந்தால் கணக்கு நிறைந்துவிடும். இது கேலிதான். ஆனால் ஆள் இல்லாமல் போகமாட்டோம் என்று வாசலில் பனியில் நிற்கும் கேலி. ஸ்னிக்கருக்கும் இதற்கும் உள்ள தூரத்தை அளக்க ஒரே கேள்வி போதும் என்று இப்போது நினைக்கிறேன். இந்தச் சிரிப்பு முடியும்போது ஆள் கூட்டத்துக்குள் வருகிறாரா, கூட்டத்தைவிட்டு வெளியே போகிறாரா? அந்தச் செமினார் நாளுக்குப் பிறகு நான் மூன்று மாதம் வகுப்பில் வாய் திறக்கவில்லை.

*

தாத்தா இறந்தபோது எனக்குப் பன்னிரண்டு வயது. தலைதிவசம் முடிகிற வரை கோயில், குளம் என்று எங்கேயும் போகவில்லை. முடிந்த பிறகு வந்த சித்ரா பௌர்ணமிக்குக் கிளம்பினோம். அதே பதினான்கு கிலோமீட்டர். அதே பஸ் ஸ்டாண்டு. ஆயா எங்களை உட்காரவைத்து எண்ண ஆரம்பித்தாள். ஏழு. மறுபடி எண்ணினாள், ஏழு. "ஒன்னு குறையுதே" என்றாள். வழக்கமாகத் தாத்தா பேசும் இடம் அது. ஒரு கணம் யாரும் பேசவில்லை. அந்த இடைவெளி எனக்குத் தாங்கவில்லை. நான் முந்திக்கொண்டு, "உன்ன எண்ணினியா ஆயா?" என்று தாத்தா மாதிரியே கத்தினேன். எல்லோரும் சிரித்தார்கள். நான்தான் எல்லோரையும்விடச் சத்தமாகச் சிரித்தேன்.

ஆயா முந்தானையை எடுக்கவில்லை. வாழ்க்கையில் முதல்முறையாகத் தன் நெஞ்சில் விரலை வைத்து, "இதோ, எட்டு" என்று தன்னையும் எண்ணினாள். அப்புறம் என்னைப் பார்த்துச் சொன்னாள்: "இன்னும் ஒன்னு குறையுதுடா."

பஸ் வந்தது. சித்தப்பா இடம்பிடிக்க ஓடினார்.

பத்தாவது ஆள் தொலையவில்லை என்று சொல்லும் தத்துவம் எனக்குப் புரிகிறது. இரவு இரண்டு மணிக்குப் பிழையைக் கண்டு சிரிக்கும்போது நன்றாகவே புரிகிறது. ஆனால் ஆயாவின் ஒன்பதாவது ஆள் நிஜமாகவே இல்லை. அவள் எப்போதும் தன்னை விட்டுவிட்டு எண்ணியதுகூட அறியாமைதானா என்று இப்போது சந்தேகம் வருகிறது. மற்ற எட்டுப் பேர் இருக்கிறார்களா என்பது மட்டும்தான் அவளுடைய கவலையாக இருந்திருக்கும். தொல்காப்பியத்தின் நான்கு காரணங்களில் எதிலும் என் அன்றைய சிரிப்பை வைக்க முடியவில்லை. எள்ளல் இல்லை. தாத்தாவின் இடத்தைச் சத்தத்தால் நிரப்பப் பார்த்திருக்கிறேன். அந்த வயதுக்கு அதற்கு வேறு வழி தெரியவில்லை. கடைசியில் அதை இளமை என்ற பெட்டியில் போட்டு வைத்திருக்கிறேன். அங்கே போட்டால்தான் கொஞ்சம் மன்னிக்க முடிகிறது.

ஆயாவும் போய்விட்டாள். இப்போது அலுவலகக் கூட்டாளிகளோடு எங்காவது மலைக்குப் போனால் வண்டியில் ஏறுமுன் நான்தான் எண்ணுகிறேன். முதலில் என்னை எண்ணிவிட்டுத்தான் மற்றவர்களை எண்ணுவேன். கணக்கு ஒவ்வொரு தடவையும் சரியாகத்தான் வருகிறது. ஆனாலும் இன்னொரு முறை எண்ணுகிறேன்.